காலயந்திரமும் ஒரு மாணவன் கேட்ட வினாவும்

எச். ஜி. வெல்ஸ் என்னும் ஆங்கில எழுத்தாளர் 1895ஆம் ஆண்டில் வெளியிட்ட ‘காலயந்திரம்’ என்னும் சிறு நாவலை நாம் ஆண்டுதோறும் உயர்தர வகுப்பு மாணவர்க்குச் சொல்லிக் காட்டுவதுண்டு. அது பாடத்திட்டத்தில் உள்ள நூலன்று. தவணைப் பரீட்சை முடிந்து விடுமுறை தொடங்குமுன் வரும் ஓரிரு நாட்களிலே, பிள்ளைகளின் மனம் வகுப்பறையில் நில்லாது வெளியே ஓடும் வேளையில், அவர்களை இருக்கையில் இருத்துவதற்கு இதனினும் நல்ல உபாயம் வேறெதனையும் நாம் கண்டோமில்லை. ஆங்கில நூலைக் கையில் வைத்துக்கொண்டு தமிழிலே சொல்லிச் செல்வோம். இவ்வாறு பல ஆண்டுகள் சொல்லியும், அக்கதையின் நடுவே கிடக்கும் ஒரு பெரும் பள்ளம் எமது கண்ணிற் படவில்லை. சென்ற தவணையிலே ஒரு மாணவன் அதனைச் சுட்டிக் காட்டினான்.

அவன் கேட்டதைக் கூறுமுன், கதையை அறியாத வாசகர்களுக்காக அதனைச் சிறிது சொல்லவேண்டும்.

இலண்டன் நகரையடுத்த றிச்மன்ட் என்னும் ஊரிலே ஒரு விஞ்ஞானி வாழ்கிறார். அவருடைய பெயர் சொல்லப்படவில்லை. ‘காலப்பயணி’ என்றே நூல் முழுவதும் அழைக்கப்படுகிறார். வியாழக்கிழமைகளில் நண்பர்கள் அவர் வீட்டில் இராப்போசனத்துக்குக் கூடுவர். நீளம், அகலம், உயரம் ஆகிய மூன்றோடு காலமும் ஒரு பரிமாணமே. ஏனைய மூன்றிலும் உலாவுவது போலக் காலத்திலும் மனிதன் உலாவலாம் என்பது அவருடைய கொள்கை. கொள்கையோடு நில்லாது யந்திரம் ஒன்றையும் செய்துவிடுகிறார். பித்தளை, நிக்கல், கருங்காலி, தந்தம், பளிங்கு ஆகியவற்றாலான அந்த யந்திரத்தில் ஏறி இருப்பதற்கு ஓர் ஆசனம் உண்டு. ஒரு நெம்புகோல் எதிர்காலத்துக்குச் செலுத்தும். மற்றது அவ்வியக்கத்தைப் புரட்டிவிடும். கடந்த காலத்தைக் கணக்கிட வட்ட முகப்புகள் இருக்கின்றன. ஒன்று நாட்களையும், அடுத்தது ஆயிரம் நாட்களையும், வேறொன்று பத்து இலட்சம் நாட்களையும், மற்றொன்று நூறு கோடி நாட்களையும் காட்டும்! அக்காலத்தில் இங்கிலாந்தெங்கும் துவிச்சக்கர வண்டி மோகம் பரவியிருந்தது. வெல்ஸும் அடுத்த ஆண்டிலே துவிச்சக்கர வண்டிப் பயணத்தைப் பொருளாகக் கொண்டு வேறொரு நாவல் எழுதினார். காலயந்திரத்திலும் அந்த வண்டியின் சாயலைக் காணலாம்.

இவருக்கு முன்னரும் கதாபாத்திரங்கள் காலத்தைக் கடந்தன. ஆனால் உறங்கிக் கடந்தன. வாஷிங்டன் இர்விங் 1819இல் படைத்த றிப் வான் விங்கிள் இருபது ஆண்டுகள் உறங்கினான். எட்வேட் பெலமி 1888இல் எழுதிய நாவலின் தலைவன் 113 ஆண்டுகள் உறங்கினான். மாக் ட்வெயின் 1889இல் தமது கதைத் தலைவனைத் தலையில் அடிபடச் செய்து பண்டை இங்கிலாந்துக்கு அனுப்பினார். 1887இல் ஸ்பானிய எழுத்தாளர் என்றிக்கே காஸ்பார் காலத்தைக் கடக்கும் பொறியொன்றைக் கற்பனை செய்திருந்தார் என்பதும் உண்மையே. எனினும், போகவேண்டிய நாளைத் தானே தெரிந்து, நெம்புகோலைத் தானே பிடித்துச் செல்லும் மனிதனை உலகின் மனத்தில் நிலைநாட்டியவர் வெல்ஸே எனலாம்.

காலப்பயணி போய்ச் சேர்ந்தது கி.பி. 802,701ஆம் ஆண்டு. அங்கே மனிதகுலம் இரண்டாகப் பிரிந்திருக்கிறது. வெயிலில் விளையாடிப் பழம் உண்டு வாழும் இலோய் என்னும் மெல்லியர் நிலத்தின் மேலே. இருளில் யந்திரங்களை இயக்கும் மொர்லொக் என்னும் வெளிறிய உருவத்தினர் நிலத்தின் கீழே. முன்னவர் செல்வரின் வழித்தோன்றல்கள். பின்னவர் தொழிலாளரின் வழித்தோன்றல்கள். இராக்காலத்தில் கீழுள்ளவர் மேலே வந்து மேலுள்ளவரைப் பிடித்து உண்கின்றனர். யந்திரத்தையோ மொர்லொக்குகள் முதல் நாளிலேயே இழுத்துச் சென்று, வெள்ளைக் கல்லாலான ஸ்பிங்ஸ் சிலையின் பீடத்துள் அடைத்துவிட்டனர். நெம்புகோல்களைக் கழற்றிச் சட்டைப்பையில் வைத்திருந்ததே பயணி செய்த ஒரு புத்திசாலித்தனம்.

அந்நாட்டில் அவருக்கு வாய்த்த ஒரே துணை வீனா என்னும் இலோய்ப் பெண். (எமது வகுப்பிலே ‘வீணா’ என்றே வழங்கும்; திருத்துவதை விட்டுவிட்டோம்.) ஆழமில்லாத ஆற்றில் அவள் அமிழ்ந்துகொண்டிருந்தபோது அவளினத்தார் ஒருவரும் கை நீட்டவில்லை. பயணி இறங்கித் தூக்கிவிட்டார். அன்று முதல் நிழல் போலத் தொடர்ந்தாள். அவருடைய சட்டைப்பை எதற்கென்று அறியாது, பூச்சாடி என எண்ணி அதில் மலர்களைச் செருகுவாள். பின்னர் ஓரிரவு இருவரும் காட்டினூடே வரும்போது, மொர்லொக்குகளைத் தடுப்பதற்காகப் பயணி தீ மூட்டுகிறார். பாழடைந்த நூதனசாலை ஒன்றிலே கண்டெடுத்த நெருப்புக்குச்சிகளும் கற்பூரமும் அவரிடம் இருந்தன. களைப்பினால் உறங்கிவிடுகிறார். விழித்தபோது மொர்லொக்குகள் மேலே மொய்த்திருக்கின்றன. வழியில் அவர் முதலில் மூட்டிய சிறு தீயோ பெருங் காட்டுத்தீயாய் வருகிறது. வீனாவைக் காணோம். தீயில் வெந்தாளோ, பிடித்துக்கொண்டு போனார்களோ, தெரியவில்லை.

மறுநாள் அவர் யந்திரத்தை மீட்டு, மொர்லொக்குகளிடமிருந்து தப்பும் பதற்றத்தில் மேலும் எதிர்காலத்துக்கே பாய்கிறார். முந்நூறு இலட்சம் ஆண்டுகளுக்கு அப்பால், சூரியன் சிவந்து பெருத்து அசைவற்று நிற்கும் ஒரு கடற்கரையைக் காண்கிறார். அங்கிருந்து நெம்புகோலைப் புரட்டித் தம் வீட்டுக்குத் திரும்புகிறார். எட்டு நாட்கள் வாழ்ந்துவிட்டு வந்தவருக்கு, றிச்மன்டில் சில மணித்தியாலங்களே கழிந்திருந்தன. தென்கிழக்கு மூலையிலிருந்து புறப்பட்ட யந்திரம் வடமேற்குச் சுவரருகே வந்து நின்றது. மொர்லொக்குகள் இழுத்துச் சென்ற தூரம் அவ்வளவே! இத்தகைய நுட்பங்களினாற்றான் பொய்க்கதை மெய்யெனத் தோன்றுகிறது. சட்டைப்பையில் இரண்டு வெள்ளை மலர்கள் வாடிக் கிடந்தன. விருந்துக்கு வந்த வைத்தியர் ஆராய்ந்து பார்த்து, இவை எந்தத் தாவரக் குடும்பத்தைச் சேர்ந்தவை என்று அறியேன் என்கிறார்.

இவ்விடத்தில் ஒரு மாணவன் எழுந்தான். “சேர், அவரிடம் யந்திரம் இருந்தது அல்லவா? தீப்பிடித்த இரவுக்கு முதல்நாளுக்குப் போய் வீனாவை அழைத்து வந்திருக்கலாமே, ஏன் போகவில்லை?” என்றான்.

“அப்படிச் செய்தால் கதை முடிந்துவிடும், வெல்ஸுக்குப் பணம் கிடைத்திராது” என்றோம். வகுப்புச் சிரித்தது. அவன் சிரிக்கவில்லை. சற்று நின்று, “திரும்பி வரும்போது அந்த நாட்களைக் கடந்துதானே வந்திருப்பார்?” என்று மட்டும் கேட்டுவிட்டு அமர்ந்தான். மணி அடித்தது.

அன்று மாலை வேறொரு மாணவன் எம்மிடம் வந்து சொன்னபின்னரே அவ்வினாவின் பொருள் விளங்கிற்று. கேள்வி கேட்ட பிள்ளை முந்திய ஆண்டிலே தாயை இழந்தவன். காய்ச்சல் கண்டிருந்த அம்மையார், மகனுக்கு மறுநாள் பரீட்சை இருந்தமையால், அது முடியட்டும், நாளை வைத்தியசாலைக்குப் போவோம் என்று ஒரு நாள் பொறுத்தாராம். இதனை அவனுடைய சம்மதம் பெற்றே இங்கு எழுதுகிறோம். எமது பகடியை நினைத்து அன்றிரவு நாம் உறங்கவில்லை. நூலை எடுத்து மீண்டும் படித்தோம்.

பையன் சொன்னது முற்றிலும் சரி. மீளும் பயணத்தை வெல்ஸ் சில வரிகளிற் கடந்துவிடுகிறார். ஆனால் அவ்வரிகளில், முகப்புகளின் முட்கள் பின்னோக்கிச் சுழன்றதையும், சீரழிந்த மனிதகுலத்தின் வீடுகள் மங்கிய நிழல்களாய்த் தோன்றி மறைந்ததையும் பயணியே சொல்கிறார். அந்நிழல்களே வீனாவின் உலகம். அவள் தீயில் மறைந்த இரவையும், மலர் செருகிய பகல்களையும், ஆற்றில் அமிழ்ந்த கணத்தையும் அவர் ஒவ்வொன்றாகக் கடந்து வந்திருக்கிறார். நெம்புகோல் கையில் இருந்தது. நிறுத்தவில்லை, நிறுத்தாததற்குக் காரணமும் கூறவில்லை. வீட்டுக்கு வந்தபின் வீனாவின் மறைவை, கனவிற் கண்ட துயரம் போலச் சொல்லிச் செல்கிறார்.

வெல்ஸின் வாழ்க்கையை நோக்கினால் ஒரு காரணம் புலப்படும். அவர் 1866இல் பிறம்லி என்னும் ஊரில், வருவாய் குன்றிய ஒரு சிறு கடைக்காரருக்கு மகனாகப் பிறந்தவர். வீட்டின் சமையலறை நிலத்தின் கீழே இருந்தது. தாயார் 1880 முதல் சசெக்ஸில் அப்பார்க் என்னும் பிரபு மாளிகையிலே வேலைக்காரருக்குத் தலைவியாக இருந்தார். அம்மாளிகையில் வேலையாட்கள் பிரபுக்களின் கண்ணிற் படாது போய்வர நிலத்தின் கீழே நடைபாதைகள் உண்டு. சிறுவன் வெல்ஸ் அங்கு தாயுடன் தங்கிய காலங்களில் அவற்றைக் கண்டவன். பின்னர் புடைவைக்கடையிலே நாள் முழுதும் நின்று தொழில் பழகி வெறுத்து, புலமைப்பரிசில் பெற்று, 1884இல் சவுத் கென்சிங்டனில் பேரறிஞர் ஹக்ஸ்லியிடம் உயிரியல் கற்றார். எனவே மேலே இருப்போரும் கீழே உழைப்போரும் என்றோ ஒருநாள் இரண்டு சாதிப் பிராணிகளாகிவிடுவர் என்பது அவருக்கு விளையாட்டுக் கற்பனையன்று. கீழ்த்தளத்திலிருந்து ஏறி வந்த ஒருவரின் எச்சரிக்கை. அந்த எச்சரிக்கையைச் சொல்லுவதற்கே யந்திரம் வேண்டியிருந்தது. வீனாவை மீட்பதற்கன்று.

அன்றியும், நூல் எழுதப்பட்ட நிலையையும் எண்ணவேண்டும். 1893இல் வெல்ஸ் இரத்தம் கக்கி ஆசிரியத் தொழிலை விட்டவர், எழுத்தே பிழைப்பு. 1894 ஆவணி மாதத்தில் செவனோக்ஸ் என்னும் ஊரில் வாடகைக்கு எடுத்த அறைகளில், வெப்பமான இரவொன்றிலே யன்னலைத் திறந்து வைத்து, மண்ணெண்ணெய் விளக்கொளியில் எழுதிக்கொண்டிருந்தாராம். விளக்கு இவ்வளவு நேரம் எரிவதைப் பொறாத வீட்டுக்காரி, அடுத்த வளவுப் பெண்ணுக்குச் சொல்வது போல இவருக்குக் கேட்கும்படி ஏசிக்கொண்டே நின்றாளாம். யந்திரம் களவுபோன கட்டத்தை அந்த ஏச்சினூடே எழுதியதாக 1934இல் வெளியிட்ட சுயசரிதையில் நகைச்சுவையுடன் கூறுகிறார். ஹென்லி என்னும் பத்திராசிரியர் அந்தத் தொடர்கதைக்கு 100 பவுண் கொடுத்தார். ஆகவே வகுப்பில் நாம் சொன்ன பகடியிலும் ஓரளவு உண்மை இருந்தது. ஆனால் உண்மை என்பதற்காக எதனையும் எவ்விடத்திலும் சொல்லிவிடலாமா?

பிற்காலத்தவர் இவ்வினாவை விட்டுவிடவில்லை. 1960இல் ஜோர்ஜ் பால் எடுத்த திரைப்படத்தில் வீனா இறக்கவே இல்லை. பயணி மூன்று நூல்களை எடுத்துக்கொண்டு அவளுடைய உலகுக்கே மீள்கிறார். படம் பார்ப்போர் அழுதுகொண்டு வீடு செல்லக்கூடாது என்பது அமெரிக்கப் படமுதலாளிகளின் தருமம். ஆனால் 2002இல் வெல்ஸின் பூட்டப்பிள்ளையாகிய சைமன் வெல்ஸ் இயக்கிய படம் வேறுவிதமானது. அதில் விஞ்ஞானி யந்திரத்தைச் செய்வதே கொலையுண்ட காதலியை மீட்பதற்காக. பின்சென்று கள்வனிடமிருந்து அவளைக் காக்கிறான். அன்றைக்கே வேறொரு விபத்தில் அவள் இறக்கிறாள். ஏன் என்பதற்கு விடை படத்தின் இறுதியில் வருகிறது: அவள் பிழைத்திருந்தால் அவன் யந்திரத்தைச் செய்திருக்கமாட்டான், யந்திரம் இல்லையேல் அவளைக் காக்கப் போயிருக்கவும் மாட்டான். படம் சுமாரானதே. ஆயினும் இந்த முடிச்சு உறுதியானது. தன் பிறப்புக்கு முன் சென்று பாட்டனைக் கொன்றவன் பிறப்பது எங்ஙனம் என்று பிரெஞ்சு எழுத்தாளர் பர்ஜவெல் 1940களில் கேட்டதும் இதே முடிச்சுத்தான்.

இவையெல்லாம் எமது புராணங்களில் முன்னரே உண்டு என்று சில மாணவர் சொல்வர். உண்டு; ஆனால் எது உண்டு என்பதைச் செவ்வையாகச் சொல்லவேண்டும். பாகவதத்திலே ககுத்மி என்னும் அரசன், மகள் ரேவதிக்கு வரன் கேட்கப் பிரமலோகம் செல்கிறான். அங்கே இசை நடக்கிறது, முடியுமட்டும் காத்திருக்கிறான். பின் பிரமா நகைத்து, நீ காத்திருந்த வேளையில் பூவுலகில் 27 சதுர்யுகங்கள் கழிந்தன, நீ மனத்திற் கொண்ட வரன்களின் பெயர்தானும் இன்றில்லை என்கிறார். யந்திரம் இல்லை, நெம்புகோல் இல்லை. முக்கியமாக, ககுத்மி தன் காலத்துக்கு மீண்டும் போகவில்லை, கேட்கவுமில்லை. இறங்கி வந்து மகளைப் பலராமருக்குக் கொடுக்கிறான்.

விஞ்ஞானமும் இன்றுவரை ஏறத்தாழ அந்த அளவிலேயே நிற்கிறது. ஐன்ஸ்டைன் 1905இல் வெளியிட்ட கொள்கையின்படி விரைந்து செல்வோனுக்குக் காலம் மெதுவாகக் கழியும். 1971இல் ஹஃபேல், கீற்றிங் என்னும் இரு விஞ்ஞானிகள் அணு மணிக்கூடுகளை ஆகாயவிமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றினர். கிழக்கு நோக்கிச் சென்றவை நிலத்திலிருந்த மணிக்கூட்டை விடச் சிறிது பின்தங்கின. ஒரு செக்கனை நூறு கோடியாகப் பகுத்தால் அதில் ஏறக்குறைய 59 பங்கு! அவ்வளவேனும் எதிர்காலத்துக்குப் போகலாம். பின்னோக்கிச் செல்வதோ வேறு. ஐன்ஸ்டைனின் சமன்பாடுகள் அதனை முற்றாகத் தடுக்கவில்லை என்று 1949இல் கணித மேதை கோடல் காட்டினார். எனினும் சென்றவர் எவருமில்லை. ஸ்டீபன் ஹோக்கிங் 2009 ஆனி 28ஆம் திகதி காலப்பயணிகளுக்கு ஒரு விருந்து வைத்து, விருந்து முடிந்தபின்னரே அழைப்பிதழை வெளியிட்டார். ஒருவரும் வரவில்லை.

இவற்றையெல்லாம் தேடிக்கொண்டிருக்கையில் எமது கண்ணிற்பட்ட ஒரு வரலாறுதான் எம்மை மிகவும் நிறுத்தியது. அமெரிக்காவில் றொனால்ட் மலெற் என்னும் சிறுவன் 1955இல், பத்து வயதில், தந்தையை இழந்தான். தொலைக்காட்சிப் பெட்டிகளைத் திருத்தும் தொழில் செய்த தந்தைக்கு வயது 33, மாரடைப்பு. ஓராண்டளவில் அச்சிறுவனின் கையில் வெல்ஸின் கதை படக்கதையாகக் கிடைத்தது. யந்திரம் செய்து பின்சென்று தந்தையை எச்சரிப்பேன் என்று அன்றே உறுதி கொண்டான். அதற்காகவே பௌதிகவியல் கற்று, கொனெற்றிக்கட் பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார். பித்தன் என்பார்களே என்று அஞ்சி, உள்ளக்கிடக்கையைப் பல ஆண்டுகள் ஒருவரிடமும் கூறவில்லை. 2000ஆம் ஆண்டில், வட்டமாகச் சுழலும் லேசர் ஒளி தன்னருகேயுள்ள வெளியையும் இழுத்துச் சுழற்றும் என்று ஓர் ஆய்வுரை வெளியிட்டார்; அவ்வழியே காலத்தையும் வளைக்கலாம் என்பது அவருடைய எண்ணம். இது கைகூடாதென்று கணக்கிட்டுக் காட்டிய விஞ்ஞானிகளும் உளர். அதனை ஒருபுறம் வைப்போம். அவருடைய கொள்கையே சரியென்று கொண்டாலும், அத்தகைய யந்திரம் முதன்முதல் இயக்கப்பட்ட நாளுக்கு முன்னே எவரும் போக முடியாது. 1955 அதற்கு எட்டாத தூரத்தில் இருக்கிறது. தந்தையைக் காண்பதற்கென்று தொடங்கிய கணக்கு, தந்தையைக் காணமுடியாதென்று முடிந்தது. அதனை முடித்தவரும் மகனே. 2006இல் வெளியிட்ட தமது நூலில் இவ்வரலாற்றையெல்லாம் அவர் விவரித்திருக்கிறார்.

விடுமுறை முடிந்து கல்லூரி திறந்ததும் அப்பிள்ளையை அழைத்து, முதலில் எமது பகடிக்கு மன்னிப்புக் கேட்டோம். ஆசிரியர் மன்னிப்புக் கேட்பதைக் கண்டு அவன் கூச்சப்பட்டுத் தலையைக் குனிந்துகொண்டான். பின் மேற்கூறியவற்றை ஒவ்வொன்றாகச் சொன்னோம். மலெற்றின் கதையைக் கேட்டபோது மட்டும், “அவருக்கு இப்போது எத்தனை வயது?” என்றான். 1945இல் பிறந்தவர் என்றோம். நூலை இரவலாகக் கேட்டான்; கொடுத்தோம்.

ஒரு கிழமை கழித்து, இடைவேளையில், நூலுடன் வந்தான். இறுதி அத்தியாயத்தில் ஒரு தாளைச் செருகி அடையாளம் வைத்திருந்தான். காலப்பயணி இரண்டாம் முறை புறப்படும் இடம் அது. ஒரு கையில் சிறு கமரா, மறு கையில் ஒரு பை. அரை மணித்தியாலத்தில் திரும்புவேன், இம்முறை சான்று காட்டுவேன் என்று நண்பரிடம் சொல்லிப் போகிறார். மூன்று ஆண்டுகளாகியும் திரும்பவில்லை. அந்த இரண்டு வாடிய மலர்களும் நண்பரிடம் இருக்கின்றன.

“கமரா சான்றுக்காக. பை எதற்கு, சேர்?” என்றான்.

அங்கிருந்து எதையேனும் கொண்டுவருவதற்காக இருக்கலாம் என்றோம்.

அவன் இன்னொரு பக்கத்தைப் புரட்டிக் காட்டினான். முதற் பயணத்தில் மருந்து இல்லாமல், ஆயுதம் இல்லாமல், போதிய நெருப்புக்குச்சிகூட இல்லாமல் வந்துவிட்டேனே என்று பயணி நொந்துகொள்ளும் இடம் அது. “இந்த முறை அதெல்லாம் கொண்டு போயிருப்பார்” என்றான்.

அவன் சென்றபின் நாம் அந்த அத்தியாயத்தை மீண்டும் ஒருமுறை வரிவரியாகப் பார்த்தோம். பையினுள் என்ன இருந்தது என்று வெல்ஸ் எழுதவில்லை.